எதிராளியை உடன் அழைத்து வரவும்

அருளம்பலத்துக்கு அமெரிக்காவோடு எந்தக் கோபமும் கிடையாது. கனடாவின் மொன்றியல் நகரத்து ரொக்ஸ்பரோவில் அவருடைய வீட்டிலிருந்து காலையில் காரை எடுத்தால் அந்த நாட்டின் எல்லையைத் தொட்டுவிட்டு மத்தியானச் சாப்பாட்டுக்குத் திரும்பிவிடலாம். இத்தனை வருடத்தில் போகத் தேவை வரவில்லை, அவ்வளவுதான்.

ரொட்டி சுடும் வெதுப்பகம் ஒன்றின் குளிர்க் களஞ்சியத்தில் அவருக்கு வேலை. ஓய்வு நாட்களில் மட்டக்களப்பு மக்கள் ஒன்றியத்தின் கூட்டங்கள். அங்கே நன்றியுரை எப்போதும் அவருடையது. தலைவருக்கு நன்றி, பிரதம விருந்தினருக்கு நன்றி, ஒலிபெருக்கி தந்தவருக்கு நன்றி, வடை சுட்டவர்களுக்கு நன்றி, வந்தவர்களுக்கும் வர முடியாமற் போனவர்களுக்கும் நன்றி, குறை ஏதும் இருந்தால் பொறுத்தருள்க. ஒன்றியம் இரண்டாகப் பிரிந்து கதிரை எறிந்த வருடாந்தக் கூட்டத்தில்கூட, மேசைக்கு அடியிலிருந்து எழும்பி வந்து, கதிரைகளை எறிந்தவர்களுக்கும் அவற்றைத் திரும்ப அடுக்கியவர்களுக்கும் நன்றி கூறிய மனிதர் அவர்.

நிற்க. அவருடைய ஒரே மகள், கார்டெரி எனப்படும் குழந்தைகள் காப்பகத்தில் வேலை பார்க்கும் வினோஜாவுக்கு நியூ ஜெர்சியில் கலியாணம் நிச்சயமானது. மாப்பிள்ளை துஷாந்தன் யாழ்ப்பாணத்துக் குடும்பம், அமெரிக்கக் குடிமக்கள். வினோஜாவின் தாய் இறந்துவிட்டார். தாரை வார்க்கத் தம்பதியாக நிற்க வேண்டும், சிறிய தகப்பன் யாரையும் பிடியுங்கள் என்று ஐயர் சொன்னார். அப்பாவின் கையால்தான் நடக்க வேண்டும், இல்லையென்றால் ஐயரை மாற்றுங்கள் என்று வினோஜா சொல்லிவிட்டாள். ஆகவே அருளம்பலம் எல்லையைத் தாண்ட வேண்டியிருந்தது.

அந்தச் சமயத்தில்தான் புதிய விதி வந்தது. அமெரிக்காவுக்குள் நுழைகிறவர் அந்த நாட்டின் விழுமியங்களைத் தெரிந்திருந்தால் மட்டும் போதாது, அவற்றைப் பற்றிப் பொது இடத்தில் உரையாடவும் தெரிந்திருக்க வேண்டும். அதைப் பரிசோதித்துப் பண்புறுதி அட்டை வழங்குவதற்காகக் குடிப்பண்பு உரையாடல் நிலையம் என்று ஒன்று நகரத்துக்கு நகரம் திறக்கப்பட்டது. மொன்றியல் கிளை சென்-லோரனில், முன்பு கம்பளம் விற்ற ஒரு கொட்டகையில் இயங்கியது. வாசற் பலகையில் 'சுதந்திரம்' என்று ஆங்கிலத்தில் பெரிதாக எழுதியிருந்தார்கள். பிரெஞ்சே முதன்மை என்ற மாகாணச் சட்டத்தைக் காக்கும் மொழிப் பரிசோதகர் ஒருவர் ஏணி வைத்து ஏறி எழுத்தை அளந்து, பிரெஞ்சுச் சுதந்திரம் இதைவிடப் பெரிதாக இருக்க வேண்டும் என்றார். நிலையத்தார் அவரை ஏணியோடு சேர்த்துத் தள்ளிவிட்டார்கள். தோள்மூட்டு விலகியது. மறுநாள் வேறொரு பரிசோதகர் வேறொரு ஏணியோடு வந்தார். கடைசியில் பிரெஞ்சுச் சுதந்திரம் பெரிதாகவும் ஆங்கிலச் சுதந்திரம் சிறிதாகவும் தொங்கின. கீழே புல்லில் ஏணிகள் கிடந்தன.

விண்ணப்பித்தவருக்கு வந்த அறிவித்தலில் நிபந்தனை ஒன்றுதான்: அமெரிக்கக் குடிமகன் ஒருவரை எதிராளியாக உடன் அழைத்து வரவும். எதிராளியே பிணையாளியும் ஆவார்.

அருளம்பலத்துக்குத் தெரிந்த அமெரிக்கக் குடிமகன் ஒரேயொருவர்தான். மாப்பிள்ளையின் தகப்பன் ஞானேந்திரன். செயற்கைப் பல் செய்யும் கூடம் ஒன்றில் வேலை பார்ப்பவர். சம்பந்தியிடம் எப்படிக் கேட்பது என்று இரண்டு நாள் யோசித்துவிட்டுத் தொலைபேசியை எடுத்தார்.

"சம்பந்தி, கேக்கவே கூச்சமா இரிக்கு. எனக்கு எதிராளியா வர ஏலுமா ஒங்களுக்கு?"

"ஐயோ, என்ன கதை இது?" என்றார் ஞானேந்திரன். "நான் உயிரோட இருக்கேக்க நீங்கள் வெளியால எதிராளி தேடுறதே? சனம் என்ன நினைக்கும்? என்னை அவ்வளவு குறைச்சு நினைச்சுப் போட்டீங்களோ?"

"சே சே, அப்பிடியில்ல."

"பேந்து கதைக்கிறதுக்கு ஒண்டுமில்லை. வாறன்."

அவர் வெள்ளிக்கிழமை மாலை ஒரு பெட்டி மாம்பழத்தோடு ரொக்ஸ்பரோ வந்து சேர்ந்தார். சம்பந்தியம்மா வரவில்லை. தலையிடி என்றார். கலியாணம் முடியும்வரை சம்பந்திமார் இருவரும் கண்ணாடிப் பாத்திரங்களைப் போல ஒருவரையொருவர் கையாளுவது எங்கள் வழக்கம். ஆகவே யார் முதலில் உட்காருவது என்பதில் கொஞ்ச நேரம் போனது. யார் முதலில் சாப்பாட்டில் கை வைப்பது என்பதில் மிச்ச நேரம் போனது.

"நீங்கள் துடங்குங்கோ."

"நீங்க தூரத்தால வந்தவர். நீங்கதான்."

"வயசுக்கு நீங்கள் மூத்தவர்."

"மாப்புள பகுதி நீங்க."

"இடியப்பம் கல்லாப் போச்சு" என்றாள் வினோஜா. "ஆராவது ஒராள் கையை வையுங்கோ. இல்லாட்டி நான் பீற்சாவுக்குச் சொல்லுறன்."

மறுநாள் காலை இருவரும் நிலையத்துக்குப் போனார்கள். வரவேற்பில் இருந்த பெண் "பொன்ஜூர், ஹாய்" என்று சொல்லி ஆளுக்கொரு ரப்பர்ப் பல்காப்பைக் கொடுத்தாள். ஞானேந்திரன் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "நல்ல சாமான். ஆனா கடைவாய்ப் பல்லுக்கு உத்தரவாதமில்லை" என்று தொழில் முறையில் கருத்துச் சொன்னார்.

உள்ளே போக இரண்டு கதவுகள் இருந்தன. சிவப்புக் கதவில் சிவப்புச் சட்டை போட்ட உதவியாளர்களும் நீலக் கதவில் நீலச் சட்டை போட்டவர்களும் ரப்பர்த் தடிகளோடு நின்றார்கள். எந்தக் கதவால் போனாலும் அதே மண்டபம்தான். சிவப்பால் போனவரை நீலச் சட்டையும் நீலத்தால் போனவரைச் சிவப்புச் சட்டையும் முதுகில் ஒன்று வைத்து அனுப்பினார்கள். சம்பந்திமார் வாசலில் நின்று "நீங்கள் முதல்ல", "நீங்க முதல்ல" என்று உபசரித்துக்கொண்டிருந்ததால், இரு நிறத்தாரும் கூடி இருவரையும் உள்ளே தூக்கி எறிந்தார்கள்.

அருளம்பலத்தின் நெற்றி தரையில் பட்டு வெடித்தது. மோட்டார் சைக்கிள் தலைக்கவசம் அணிந்த ஒரு பெண் அவரைத் தூக்கி நிறுத்தினாள்.

"நான் ஜெனாட், அங்கிள். திருகோணமலை. உங்களுக்கு மொழிபெயர்க்கப் போட்டிருக்கினம்."

"நன்றி புள்ள. உனக்கு ஏன் இந்தத் தொப்பி?"

"போன கிழமை ஒருத்தர் சொன்னதைச் சரியா மொழிபெயர்த்துப் போட்டன்."

பணிப்பாளர் ஹொலவே மேடைக்கு வந்தார். உயரமான மனிதர். அவருக்கு இடது காது இல்லை. அதைத் தன் சொந்த ஊர்ப் பாடசாலையில் எந்தப் புத்தகங்கள் இருக்கலாம் என்ற விவாதத்தில் இழந்தவர் என்றும், கடித்தவர் தேவாலயத்தில் அவருக்குப் பக்கத்து வாங்குப் பலகையில் இருப்பவர் என்றும் ஜெனாட் சொன்னாள். அவர் நெஞ்சில் கை வைத்துப் பேசினார்.

"நண்பர்களே, எங்கள் நாட்டில் எவரும் எதையும் பேசலாம். இந்தப் பெரும் உரிமைக்கு ஒரேயொரு எதிரி இருந்தது. அது, கேட்பது. ஒருவர் கேட்டுக்கொண்டிருக்கும்போது அவரால் பேச முடியாது. எனவே ஒருவரைக் கேட்க வைப்பது அவருடைய பேச்சுரிமையைப் பறிப்பதாகும். கேட்பதை நாங்கள் முற்றாக ஒழித்துவிட்டோம்."

சிவப்பும் நீலமும் தடிகளால் தரையில் தட்டி ஆரவாரித்தன.

"நாங்கள் ஒரே மக்கள். அந்த ஒரே மக்களில் யார் யார் சேர்த்தியில்லை என்பதில் மட்டும்தான் எங்களுக்குள் கருத்து வேறுபாடு. எல்லா மனிதரும் சமம் என்று எங்கள் முன்னோர் எழுதி வைத்தார்கள். ஆகவே இந்த மண்டபத்தில் பெண்களுக்கும் வயோதிபர்களுக்கும் நோயாளிகளுக்கும் ஒரே அளவு அடி. எங்களுக்குள் ஒருகாலத்தில் உள்நாட்டுப் போர் நடந்தது. அது முடிந்துவிட்டது என்று சொல்பவரை இரு தரப்பும் சேர்ந்து மிதிக்கும். அந்த அளவுக்கு எங்களிடம் ஒற்றுமை இருக்கிறது. வெளியே இருந்து பார்ப்பவர்கள் இதை வன்முறை என்கிறார்கள். நாங்கள் இதை அக்கறை என்கிறோம். அக்கறை இல்லாதவன் ஏன் அடிக்கப்போகிறான்?"

"சுருக்கமாச் சொன்னா," என்று ஜெனாட் அருளம்பலத்தின் காதுக்குள் சொன்னாள், "கதைக்கலாம், கேக்கக்கூடாது. மிச்சம் உங்களுக்கே விளங்கும்."

முதற் சுற்றில் கேள்வி ஒன்றுதான். அமெரிக்கா என்றால் என்ன?

முதலில் அழைக்கப்பட்டவர் இல்-பிசாரில் வசிக்கும் மதாம் லாபெல். ஓய்வுபெற்ற ஆசிரியை. குளிர்காலத்தை ஃபுளோரிடாவில் கழிப்பவர். எதிராளியாகத் தன் தங்கையின் கணவனை மெய்ன் மாநிலத்திலிருந்து கூட்டி வந்திருந்தார். கேள்வி கேட்டு முடியவில்லை. மதாம் தன் கைப்பையால் அவருடைய மூக்குக் கண்ணாடியை உடைத்தார். பிறகு கதிரையை எடுத்தார். பல வருட நத்தார்ப் பண்டிகைக் குடும்ப விருந்துகளில் வாய்க்குள் அடக்கி வைத்திருந்ததை எல்லாம் பிரெஞ்சில் சொல்லிக்கொண்டே அடித்தார். தங்கையின் கணவன் மேடையிலிருந்து ஊர்ந்து இறங்கியபோது ஒரு சப்பாத்து மேடையிலேயே நின்றது. பணிப்பாளர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "பிறவிக் குடிமகள்!" என்றார்.

அடுத்தது அருளம்பலம். ஒலிவாங்கியைக் கண்டதும் அவருக்குப் பயம் தெளிந்துவிட்டது. தொண்டையைச் செருமினார்.

"தலைவர் அவர்களே, சபையோரே. அமெரிக்கா என்பது பெரிய நாடு. இந்த அருமையான ஏற்பாட்டைச் செய்த பணிப்பாளர் அவர்களுக்கு முதற்கண் நன்றி. எங்களை உள்ளே அனுப்பி வைத்த சிவப்புத் தரப்பினருக்கும், அவர்களோடு தோளோடு தோள் நின்ற நீலத் தரப்பினருக்கும் நன்றி. இரு பகுதியாரிடமும் நியாயம் உண்டு. குறை ஏதும் இருந்தால் பொறுத்தருள்க."

ஜெனாட் அதை மொழிபெயர்த்து முடித்தாள். பிறகு, நிலையத்தின் வரலாற்றில் முதல்முறையாக, சிவப்புச் சட்டை ஒருவரும் நீலச் சட்டை ஒருவரும் ஒருவரையொருவர் பார்த்துத் தலையசைத்துக்கொண்டார்கள். ஒருவர் அருளம்பலத்தின் கைகளைப் பின்னால் பிடித்தார். மற்றவர் விலாவில் அடித்தார். பிறகு மாறி நின்றார்கள். ஏதோ ஒன்று உள்ளே முறிந்த சத்தம் முன்வரிசைக்குக் கேட்டது.

"எங்களை வெறுப்பவர்கள் உண்டு," என்றார் பணிப்பாளர், கவலையோடு. "அவர்களுக்கு எங்களிடம் ஏற்பாடு இருக்கிறது. எங்களில் பாதிப் பேரை வெறுப்பவர்கள் உண்டு. அவர்களைத்தான் நாங்கள் தேசபக்தர்கள் என்கிறோம். இரு பகுதிக்கும் நன்றி சொல்பவனை எந்தப் பெட்டிக்குள் போடுவது? இரண்டாம் சுற்றில் திருந்தாவிட்டால் அட்டை கிடையாது."

அட்டை இல்லாவிட்டால் கலியாணமில்லை. அருளம்பலம் விலாவைப் பிடித்துக்கொண்டு சம்பந்தியின் எதிரே போய் நின்றார்.

இரண்டாம் சுற்றில் கூரையிலிருந்து வெப்பமானி ஒன்று தொங்கியது. உரையாடலின் சூட்டை அளக்கும் கருவி. முள் சிவப்புக் கோட்டைத் தாண்ட வேண்டும். உரையாடல் தணிந்தால் உதவியாளர்கள் தடியால் ஊக்குவிப்பார்கள்.

"நீங்கள் சொல்லுங்கோ சம்பந்தி."

"இல்ல, நீங்க சொல்லுங்க. மறுகா நான் சொல்லுறன்."

முள் அசையவில்லை. நீலச் சட்டை ஒருவர் ஞானேந்திரனின் முழங்காலுக்குப் பின்னால் ஓங்கினார். அதைக் கண்ட அருளம்பலம் தன்னை மறந்து, "ஐயோ சம்பந்தி! தடி! தள்ளி நில்லுங்க!" என்று அலறினார். முள் துள்ளிப் பாதிக்கு ஏறியது.

தரையில் விழுந்து கிடந்த ஞானேந்திரன் அண்ணாந்து முள்ளைப் பார்த்தார். "இதுக்குச் சொல்லு முக்கியமில்லைப் போலக் கிடக்கு," என்றார் மெதுவாக. "சத்தந்தான் வேணும். அடியும் வேணும். பிழையா நினைக்காதையுங்கோ, துடங்கட்டே?"

"துடங்குங்க, துடங்குங்க."

ஞானேந்திரன் பாய்ந்தெழுந்து அருளம்பலத்தின் சட்டைக் கழுத்தைப் பிடித்தார். "சம்பந்தி! மண்டபத்துக்குக் குளிரூட்டி சொல்லியிருக்கு!" என்று நரம்பு புடைக்கக் கத்தி, கன்னத்தில் அறைந்தார்.

"நல்ல விசயம்!" என்று அருளம்பலம் கர்ச்சித்து அவர் வயிற்றில் குத்தினார். "தவில் எத்தினை கூட்டம்?"

"ரெண்டு! ஒண்டு ரொறொன்ரோவிலயிருந்து வருது!" தாடையில் ஒன்று. பிறகு தணிந்து, "நொந்திட்டுதோ?"

"இல்ல, நல்லா இரிக்கு. விலாப் பக்கம் மட்டும் வேணாம்." பிறகு உரத்து, "எங்கட பகுதிப் பலகாரம் என்னென்ன கொண்டரட்டும்?"

"பயத்தம் பணியாரம்! அரியதரம்! முறுக்குக் கட்டாயம்!" ஒவ்வொரு பலகாரத்துக்கும் ஒவ்வொரு குத்து விழுந்தது. அருளம்பலத்தின் உதடு கிழிந்து இரத்தம் பல்காப்பில் வழிந்தது. அவர் மறுப்பின்றி எல்லாப் பலகாரத்தையும் ஏற்றுக்கொண்டு, கதிரைக் காலைக் கழற்றிச் சம்பந்தியின் தோளில் போட்டு, மாப்பிள்ளைத் தோழன் யார் என்று விசாரித்தார்.

முள் சிவப்புக் கோட்டைத் தாண்டி நின்றது. மண்டபம் எழுந்து நின்று கைதட்டியது. மதாம் லாபெல் இரண்டு விரலை வாயில் வைத்துச் சீழ்க்கை அடித்தார். பணிப்பாளர் ஓடி வந்தார். இந்த வார்த்தைகளை வாசல் வளைவில் கல்லில் வெட்ட வேண்டும், இவர்கள் சொன்னது முழுவதையும் ஆங்கிலத்தில் தா என்று ஜெனாட்டைக் கேட்டார்.

ஜெனாட் சம்பந்திமாரைப் பார்த்தாள். "அங்கிள், என்ன சொல்ல? பொய் சொன்னது தெரிஞ்சா என்ர வேலை போயிடும்."

"உள்ளதைச் சொல்லு புள்ள," என்றார் அருளம்பலம். "நாங்க ஒண்டும் கூடாததாக் கதைக்கல்லையே."

அவள் உள்ளதைச் சொன்னாள். ஒருவர் குளிரூட்டி இருப்பதைத் தெரிவித்தார். மற்றவர் அதை வரவேற்றார். வலிக்கிறதா என்று விசாரிக்கப்பட்டது. முறுக்கு விடயத்தில் உடன்பாடு ஏற்பட்டது.

பணிப்பாளரின் முகம் வெளுத்தது. "உடன்பாடு!" என்றார். "பொது மேடையில்! இளைஞர்கள் பார்த்துக்கொண்டிருக்கும் இடத்தில்!"

அதன் பிறகு நடந்ததை வரிசைப்படுத்திச் சொல்வது கடினம். விளக்குகளை அணைத்துவிட்டு அடித்தார்கள். விளக்குகள் எரிந்தபோது ஞானேந்திரனின் ஒரு கண் மூடியிருந்தது. அருளம்பலம் மேடையின் கீழே கிடந்தார். ஜெனாட்டின் தலைக்கவசம் இரண்டாகப் பிளந்திருந்தது; அவள் மணித்தியாலச் சம்பளம் என்பதால் எழுந்து நின்றாள்.

பணிப்பாளர் குனிந்து, தகப்பனைப் போலக் கனிவாகப் பேசினார். "ஒவ்வொரு மனிதனுக்குள்ளும் சொல்லாத ஒன்று இருக்கும். பக்கத்து வீட்டானைப் பற்றி, மைத்துனனைப் பற்றி, சொந்தப் பிள்ளையைப் பற்றி. மற்ற நாடுகள் அதை மூடி வைக்கின்றன. அதற்குப் பெயர் நாகரிகமாம். நாங்கள் அதை வெளியே எடுத்துக் கொடியேற்றுகிறோம். உங்களிடமும் ஒன்று இருக்கிறது. அதைச் சொன்னால் வீட்டுக்குப் போகலாம்."

ஞானேந்திரனைத் தூக்கிப் போய் அவருடைய வலக்கை விரல்களைச் சிவப்புக் கதவின் இடுக்கில் வைத்தார்கள். அந்த விரல்களால் பல் செய்து பிழைக்கிற மனிதர் அவர். கதவை மெல்ல மெல்லச் சாத்தினார்கள்.

"என்ர மனிசி," என்று ஞானேந்திரன் அலறினார். "அவவுக்குத் தலையிடி இல்லை. அவவுக்கு இந்தச் சம்பந்தம் பிடிக்கேல்லை. மட்டக்களப்பாள் வசிய மருந்து குடுத்துப் பெடியனை மடக்கிப் போட்டாளாம். நான் பேசாமல் இருந்தனான். ஏனெண்டா... ஏனெண்டா நானும் அப்பிடித்தான் நினைச்சனான்."

ஜெனாட் மொழிபெயர்க்கவில்லை. யாரும் கேட்கவும் இல்லை. முள் தானாகவே நடுங்கத் தொடங்கியிருந்தது.

அருளம்பலம் எழுந்து கதவடிக்கு வந்தார். உதவியாளர்கள் விரல்களை விட்டுவிட்டு விலகி நின்றார்கள். பல்காப்பை எடுத்துக் கீழே போட்டார்.

"என்ர புள்ள கார்டெரியில சின்னப் புள்ளையளுக்கு மூக்குத் துடைக்கிற புள்ள," என்றார். "மருந்து குடுத்தவளா அவள்? சண்டை நேரம் எங்கட ஊருப் பொடியனுகளைக் கூப்பிட்டு முன்னுக்கு நிப்பாட்டினீங்களே, அப்ப நாங்க தமிழர். செத்தானுகள், அப்பவும் தமிழர். பொண்ணு குடுக்க வந்தா மட்டும் மந்திரக்காரனா?"

பிறகு தலையால் முட்டினார். ஞானேந்திரனின் முன்பற்கள் ஜெனாட்டின் காலடியில் வந்து விழுந்தன. ஞானேந்திரன் அருளம்பலத்தின் உடைந்த விலாவைத் தேடிப் பிடித்து அதே இடத்தில் குத்தினார். இப்போது யாரும் நொந்ததா என்று விசாரிக்கவில்லை. இருவரும் கதவடியிலிருந்து உருண்டு முன்வரிசைக்குள் விழுந்தார்கள். முன்வரிசை எழுந்து பின்வரிசையை அடித்தது. அட்டை கிடைத்துவிட்ட மதாம் லாபெல் வீட்டுக்குப் போகாமல் திரும்பி வந்து சேர்ந்துகொண்டார். வெப்பமானி வெடித்துக் கண்ணாடித் துண்டுகள் எல்லோர்மீதும் சமமாகப் பெய்தன. பணிப்பாளர் நெஞ்சில் கை வைத்து, அழுதபடி, தேசிய கீதத்தைப் பாடினார். பாடி முடியும்வரை யாரும் நிறுத்தவில்லை.

அருளம்பலத்துக்கு அதிவிசேட சித்தி என்ற உயர்தரத் தேர்ச்சி கிடைத்தது. நெற்றியில் தையல் போட்டுக்கொண்டிருக்கும்போதே பணிப்பாளர் அட்டையை அவருடைய சட்டைப்பையில் செருகி, நிபந்தனையை வாசித்தார். விண்ணப்பத்தில் சொன்ன அதே திகதியில், சொன்ன அதே நோக்கத்துக்காக, அட்டைதாரர் எல்லையைக் கடக்க வேண்டும். தவறினால் நோக்கம் பொய்யெனக் கொள்ளப்படும். பிணையாளியின் குடியுரிமையும் அவர் வழியாக அதைப் பெற்ற பிள்ளைகளின் குடியுரிமையும் இரத்தாகும்.

"எங்கள் நாட்டில் சொன்ன சொல் முக்கியம்," என்றார் பணிப்பாளர்.

வினோஜா வெளியே கார் தரிப்பிடத்தில் காத்திருந்தாள். இருவரையும் கண்டதும் கையிலிருந்த கோப்பிக் கோப்பையைக் கீழே விட்டாள். "மோன் தியூ! அப்பா! மாமா! ஆர் உங்களுக்கு அடிச்சது?"

ஞானேந்திரன் வாயைத் துணியால் பொத்திக்கொண்டு சொன்னார்: "கலியாணம் இல்லை, பிள்ளை."

"அதைத்தான் நானும் சொல்லுறன்," என்றார் அருளம்பலம்.

வாசலில் நின்ற நீலச் சட்டை, உடன்பாடு போல் ஏதோ காதில் விழுந்ததால், தடியை எடுத்துக்கொண்டு இரண்டடி முன்னுக்கு வந்தார்.

வினோஜா என்ன நடந்தது என்று கேட்டாள். ஞானேந்திரன் தரையைப் பார்த்தார். அருளம்பலம் சொன்னார். முழுவதையும் சொன்னார். சொல்லியிருக்கக் கூடாது என்று சொல்லும்போதே அவருக்குத் தெரிந்தது.

அவள் அழவில்லை. தொலைபேசியை எடுத்தாள். "துஷி, நான் உனக்கு மருந்து குடுத்தனானோ? ... இல்லையோ? அப்ப இஞ்ச வா. முதல் வைச்ச அதே நாள். வாற சனிக்கிழமை. கோர்ட்டில கலியாணத்தை எழுதுவம்." தொலைபேசியை வைத்துவிட்டு இருவரையும் பார்த்தாள். "நீங்கள் ரெண்டு பேரும் ஆர், கலியாணம் இல்லையெண்டு சொல்ல? நடக்கும். ரெண்டு அப்பாமாரும் அந்தப் பக்கம் வரக்கூடாது. வந்தா பொலிசைக் கூப்பிடுவன்."

அவள் தன்னுடைய காரை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். சம்பந்திமார் ஒரே பஸ் தரிப்பிடத்தின் இரண்டு நுனிகளில் நின்றார்கள்.

நிற்க. அந்தக் கிழமை முழுவதும் அருளம்பலம் வேலைக்குப் போகவில்லை. விண்ணப்பத்தில் எழுதிய திகதியும் அந்தச் சனிக்கிழமைதான். அன்றைக்கு அவர் எல்லையைத் தாண்டாவிட்டால் ஞானேந்திரனின் குடியுரிமை போகும். அது போகட்டும் என்றுதான் முதலில் நினைத்தார். மாப்பிள்ளையினதும் சேர்ந்து போகும் என்பதால் நினைப்பை மாற்றிக்கொண்டார். வினோஜாவிடம் இதைச் சொல்லவில்லை. சொன்னால் அவள் பேசுவாள். பேசினால் அவர் நின்றுவிடுவார்.

சனிக்கிழமை காலை பட்டு வேட்டி கட்டிக்கொண்டு தெற்கு நோக்கிக் காரை ஓட்டினார். சொன்ன நோக்கம் கலியாணம் என்றபடியால் வேட்டி. புரோசார்ட் தாண்டியதும் வயல்கள் வந்தன. எல்லையில் வரிசை நீளமாக இருந்தது. அவருடைய முறைக்கு முன்னால் இரண்டு கார் நிற்கும்போது தொலைபேசி அடித்தது.

"அப்பா, எங்க நிக்கிறீங்கள்?" வினோஜாவின் குரல் உடைந்திருந்தது. "அண்டைக்குக் கோவத்தில சொல்லிப் போட்டன். மாமாவும் வந்து கீழ நிக்கிறார். துஷிதான் கூப்பிட்டவன். என்னட்ட மன்னிப்புக் கேட்டவர், பல்லில்லாமல் ஒண்டும் விளங்கேல்லை. கொஞ்ச நேரத்தில உள்ளுக்குக் கூப்பிட்டிடுவினம். கெதியா வாங்கோ, அப்பா."

அருளம்பலம் கண்ணாடியில் பார்த்தார். பின்னால் கார்கள் ஒட்டி நின்றன. வரிசையிலிருந்து திரும்பினால் தப்பியோட்டம் எனக் கருதப்படும் என்று பலகை சொன்னது. பின் காரில் இருந்தவன் ஹோர்ன் அடித்தான்.

"வாறன் மகள்," என்றார். "நீங்க துடங்குங்க. கொஞ்சம் சுணங்கும்."

கூண்டுக்குள் இருந்த உத்தியோகத்தர் அட்டையை வாங்கினார். "வருகையின் நோக்கம்?"

"மகளின் கலியாணம்."

"வாழ்த்துக்கள். எங்கே நடக்கிறது?"

"மொன்றியலில்."

"எப்போது?"

"இப்ப."

உத்தியோகத்தர் அவருடைய வேட்டியைப் பார்த்தார். பிறகு அவர் வந்த பாதையைப் பார்த்தார். "ஐயா, மொன்றியல் உங்களுக்குப் பின்னால் இருக்கிறது."

"ஓம்," என்றார் அருளம்பலம்.

உத்தியோகத்தர் அட்டையைத் திருப்பினார். அதிவிசேட சித்தி முத்திரையைக் கண்டதும் கதிரையிலிருந்து எழுந்து நின்றார். இவ்வளவு உறுதியானவர்களிடம் மேற்கொண்டு காரணம் கேட்பது முறையல்ல என்று சொல்லி, கைகுலுக்க யன்னலுக்கு வெளியே வலக்கையை நீட்டினார்.

கை தன்னை நோக்கி வருவதைக் கண்ட அருளம்பலம் தாடையை நெஞ்சில் புதைத்து, இரண்டு முழங்கைகளாலும் முகத்தை மறைத்துக்கொண்டார்.

உத்தியோகத்தருக்கு மகிழ்ச்சி தாங்கவில்லை. "எங்கள் ஆள்," என்றார். தடைக் கம்பம் மேலே எழும்பியது. பக்கத்து இருக்கையில் தொலைபேசி மறுபடியும் அடிக்கத் தொடங்கியது. அருளம்பலம் காரை முன்னுக்கு எடுத்தார்.